டூல் தேய்ந்ததை மெஷினே சொல்ல வேண்டுமா? ஓசூர் பட்டறையிலிருந்து கூட்டு ஆய்வு மையத்துக்கு ஒரு வழிகாட்டி

ஓசூர் சிப்காட்டைச் சுற்றியுள்ள சின்ன மெஷினிங் பட்டறைகளில் டூலின் வெட்டும் முனையான இன்செர்ட்டை மாற்றுவது பெரும்பாலும் எண்ணிக்கைக் கணக்கில்தான் நடக்கிறது. 200 பீஸ் ஓடியதும் முனையைத் திருப்பிப் போடு. பீஸ் செய்யும் உலோகக் கம்பி நல்லதாக வந்த நாளில் அந்த முனை இன்னும் 60 பீஸ் தாங்கியிருக்கும். கடினமான கம்பி வந்த நாளில் 150லேயே அளவு ஓடி ரிஜெக்‌ஷன் பெட்டி நிறையும். இரண்டு பக்கமும் நஷ்டம்தான்.

தேய்மானத்தைச் சென்சார் வைத்துக் கண்டுபிடிக்கும் தொழில்நுட்பம் புதிதல்ல. ஆனால் விலைக்கு வாங்கும் பெட்டி உங்கள் பீஸுக்கும் உங்கள் கம்பிக்கும் அப்படியே பொருந்திவிடாது. அதைப் பொருத்திக் கொடுக்க எலெக்ட்ரானிக்ஸ் ஆள், மென்பொருள் ஆள், எந்திரவியல் ஆள் மூவரும் வேண்டும். பத்து மெஷின் வைத்திருப்பவரால் மூவருக்கும் சம்பளம் கொடுக்க முடியாது. அரசும் தொழில்துறையும் சேர்ந்து நடத்தும் டிஜிட்டல் தொழில்நுட்ப ஆய்வு மையங்கள் இந்த இடைவெளிக்காகவே இருக்கின்றன. அங்கே போவதற்கு முன் எதைத் தயார் செய்வது, எதில் கையெழுத்துப் போடுவது, எங்கே வேலை கெட்டுப்போகும் என்பதை இங்கே சொல்கிறோம்.

எந்தக் கதவைத் தட்டுவது

ஒரு தொழில்நுட்பம் எவ்வளவு முதிர்ந்திருக்கிறது என்பதை 1 முதல் 9 வரையான படிகளில் குறிக்கும் முறை நாசாவிலிருந்து வந்தது. கல்லூரி ஆய்வு பெரும்பாலும் மூன்றாம் படியோடு நின்றுவிடும்; கொள்கை சரி என்று நிரூபித்தால் அவர்கள் வேலை முடிந்தது. கம்பெனிகள் ஏழாம் படியில்தான் கை நீட்டும். நடுவில் உள்ள 4, 5, 6 யாருக்கும் சொந்தமில்லாத நிலம். ஜெர்மனியில் 1949இல் தொடங்கிய ஃபிரௌன்ஹோஃபர் அமைப்பு இந்த நிலத்தில்தான் வளர்ந்தது. அரசின் அடிப்படை நிதியோடு கம்பெனிகள் தரும் ஒப்பந்த வேலையும் சேர்ந்து அதை நடத்துகின்றன.

நம் பக்கத்தில் பார்ப்போம். மத்திய அரசு 2018 டிசம்பரில் 3,660 கோடி ரூபாய் மதிப்பில் ஒப்புதல் தந்த இணைய-இயற்பியல் அமைப்புகள் (கணினியும் மெஷினும் இணைந்து இயங்குபவை) தேசியத் திட்டத்தின் கீழ் 25 தொழில்நுட்ப மையங்கள் உருவாகின. அவற்றில் ஒன்றான சென்னை ஐஐடியின் பிரவர்த்தக், சென்சார், நெட்வொர்க், கட்டுப்பாட்டு அமைப்புகளை எடுத்துக்கொண்டிருக்கிறது. நம் பிரச்சினைக்கு நேரான கதவு அது. தமிழக அரசின் தொழில் வளர்ச்சி நிறுவனமான டிட்கோ சீமன்ஸோடு சேர்ந்து அமைத்த டான்சாம், டசோ சிஸ்டம்ஸோடு சேர்ந்து அமைத்த டான்கேம் என்ற உற்பத்தித் தொழில்நுட்ப மையங்கள் இரண்டும் சென்னையில் இருக்கின்றன. அத்திப்பள்ளி தாண்டிப் போகும் அதே பெங்களூரு ரோட்டில், எலெக்ட்ரானிக் சிட்டியில், கர்நாடக அரசும் ஐடி தொழில்துறையும் சேர்ந்து 1999இல் தொடங்கிய ஐஐஐடி பெங்களூரு இருக்கிறது. பெங்களூரு இந்திய அறிவியல் கழகத்தில் ஆர்ட்பார்க் இருக்கிறது. ரோபோவும் செயற்கை நுண்ணறிவும் அதன் துறை. முழுக்க அரசு நிறுவனமான சிஎம்டிஐயும் (மத்திய உற்பத்தித் தொழில்நுட்பக் கழகம்) பெங்களூருவில்தான். மெஷின் டூல் அறிவில் ஆழம் வேண்டுமென்றால் அதை விட்டுவிடக் கூடாது.

பெயரைப் பார்த்துத் தேர்ந்தெடுக்காதீர்கள். "இதற்கு முன் ஓடுகிற மெஷினில், ஷாப் ஃப்ளோரில், குறைந்தது மூன்று மாதம் எதையாவது நிறுத்தாமல் ஓட்டியிருக்கிறீர்களா?" என்று கேளுங்கள். ஆய்வகத்தில் சுத்தமான மேஜையில் ஓடியதை வீடியோவாகக் காட்டினால், உங்கள் பிரச்சினையின் கடினமான பாதியை அவர்கள் இன்னும் தொடவில்லை என்று பொருள்.

முதலில் அளவெடுங்கள்

பெரும்பாலான முயற்சிகள் ஒப்பந்தத்துக்கு முன்பே தோற்றுவிடுகின்றன. "ஏஐ வைத்து ஏதாவது செய்யணும் சார்" என்று போனால், அவர்களும் ஏதாவது ஒன்றைச் செய்து கொடுப்பார்கள். கையில் ஒரு மாத டேட்டாவோடு போனால் முதல் சந்திப்பிலேயே பேச்சின் தரம் மாறும். இந்த டேட்டாவை நீங்களே, உங்கள் செலவில் எடுக்க வேண்டும். பின்னால் யாருக்கு என்ன சொந்தம் என்ற பேச்சு வரும்போது அதுதான் உங்கள் பலம்.

ஒரு டர்னிங் சென்டர் (கடைசல் மெஷின்), ஒரு பீஸ், ஒரு ஆபரேஷன் மட்டும் எடுத்துக்கொள்ளுங்கள். உதாரணத்துக்கு ஒரு பீஸுக்கு ஆகும் சைக்கிள் டைம் 90 விநாடி, முனைக்கு 200 பீஸ் என்று வைப்போம். ஒரு முனை 5 மணி நேரம் வரும். இரண்டு ஷிஃப்ட் ஓடினால் நாளுக்கு மூன்று முனை, 25 வேலை நாளில் சுமார் 75 முனை. அது போதும். ஆனால் அந்த 75 முனைகளில் குறைந்தது மூன்று வெவ்வேறு கம்பி லாட்டுகள் இருக்க வேண்டும். ஒரே லாட்டில் கற்ற மாடல் (டேட்டாவிலிருந்து தேய்மானத்தைக் கணிக்கக் கற்கும் நிரல்) அடுத்த லாரி கம்பி வந்த அன்றே தடுமாறும்.

இங்கே ஒரு பொறி இருக்கிறது. நீங்கள் 200இல் முனையை மாற்றுகிற வரை உண்மையான தேய்மானம் டேட்டாவில் வரவே வராது. நல்ல முனையை மட்டுமே பார்த்த மாடலுக்குக் கெட்ட முனை எப்படித் தெரியும்? ஆகவே 10 முதல் 15 முனைகளை வேண்டுமென்றே எல்லை தாண்டி ஓட்ட வேண்டும். அந்தப் பீஸ்களை நூற்றுக்கு நூறு அளந்து, சந்தேகமானதைத் தனி டப்பாவில் பூட்டி வையுங்கள். ஒரு பீஸ்கூடத் தவறி வாடிக்கையாளருக்குப் போகக் கூடாது.

தேய்மானம் என்று எதைச் சொல்கிறோம்? முனையின் பக்கவாட்டில் விழும் தேய்ந்த பட்டையின் அகலம்தான் அளவு. ஐஎஸ்ஓ 3685 தரத்தில், பட்டை சீராக இருந்தால் சராசரி 0.3 மி.மீ., சீரற்று இருந்தால் அதிகபட்சம் 0.6 மி.மீ. முனையின் ஆயுள் முடிவு. 25 பீஸுக்கு ஒரு முறை யூஎஸ்பி மைக்ரோஸ்கோப்பில் படம் எடுங்கள். இன்செர்ட்டைக் கழற்றி எடுக்காதீர்கள். மறுபடி உட்காரும்போது சில மைக்ரான் நகர்ந்து, அடுத்த பீஸின் அளவும் அதிர்வும் மாறிவிடும். அதை மாடல் தேய்மானம் என்று கற்றுக்கொள்ளும். மெஷினிலேயே வைத்து, கூலன்ட்டைத் துடைத்து, ஒவ்வொரு முறையும் ஒரே கோணத்தில் எடுக்க ஒரு சின்ன பிராக்கெட் செய்து வைத்துக்கொள்ளுங்கள்.

சென்சார் விஷயத்தில் எளியதிலிருந்து தொடங்குவது நல்லது. மெஷினின் கன்ட்ரோலர் ஃபானுக் நிறுவனத்தினுடையதாக இருந்து ஈதர்நெட் வசதியும் திறந்திருந்தால், அந்த நிறுவனத்தின் ஃபோகாஸ் லைப்ரரி வழியாக ஸ்பிண்டில் (சுழலும் தண்டு) லோடு, டூல் எண், புரோகிராம் எண் எல்லாவற்றையும் படிக்கலாம். விநாடிக்குப் பத்து முறை படித்தால் போதும். இந்த வசதி இல்லாத பழைய மெஷினில் மோட்டார் கரண்டை அளப்பார்கள். அங்கே நடக்கும் தவறு, சாதாரண 50 ஹெர்ட்ஸ் கரண்ட் டிரான்ஸ்ஃபார்மரை ஸ்பிண்டில் டிரைவின் வெளியீட்டில் மாட்டுவது. டிரைவ் வெளியீட்டின் அலைவரிசை வேகத்தோடு மாறும். குறைந்த வேகத்தில் அந்தக் கருவி பொய் சொல்லும். அங்கே ஹால் எஃபெக்ட் சென்சார்தான் வேண்டும்.

லோடு மட்டும் ஃபினிஷிங் வெட்டில் பயன்படாது. 0.3 மி.மீ. ஆழ வெட்டில் லோடு மீட்டர் அசையவே அசையாது. அங்கே அதிர்வு சென்சார் தேவை. கைக்குக் கிடைக்கும் மலிவான ஏடிஎக்ஸ்எல்345 விநாடிக்கு 3,200 முறைதான் அளக்கும். அதாவது 1,600 ஹெர்ட்ஸுக்கு மேல் குருடு. ஸ்பிண்டில் சமநிலை பார்க்க அது போதும், முனைத் தேய்மானத்துக்குப் போதாது. 10 கிலோஹெர்ட்ஸ் வரை பார்க்கும் தொழில்துறை அதிர்வு சென்சாரை 25.6 கிலோஹெர்ட்ஸில் பதிவு செய்யுங்கள். டூல்களைத் தாங்கும் டரெட்டின் சுழலும் தட்டில் அல்லாமல் அதன் உடம்பில், இழைத்த சமதளத்தில், ஸ்டட் போட்டு முறுக்கி வையுங்கள். காந்தத்தில் ஒட்டினால் உயர் அலைவரிசை பாதியிலேயே விழுந்துவிடும். ஒயர் இணைப்பைக் கூலன்ட் தெறிக்காத பக்கம் திருப்புங்கள். டிரைவ் கேபிளோடு சேர்த்துக் கட்டாதீர்கள். இந்த இரண்டையும் கவனிக்காமல் விட்டு முதல் வாரம் முழுவதும் வெறும் இரைச்சலைப் பதிவு செய்த பட்டறைகள் உண்டு.

இடக் கணக்கைப் போட்டுப் பாருங்கள். மூன்று அச்சு, ஒவ்வொரு அளவுக்கும் 2 பைட், விநாடிக்கு 25,600 முறை என்றால் மணிக்கு 553 எம்பி. எட்டு மணி ஷிஃப்ட்டுக்கு 4.4 ஜிபி, 50 ஷிஃப்ட்டுக்கு 220 ஜிபி. இதை எக்செல்லில் திறக்கும் சிஎஸ்வி கோப்பாக எழுதினால் பல மடங்கு பெருகி டிஸ்க் நிரம்பும். பைனரியாக, நிமிடத்துக்கு ஒரு கோப்பாக எழுதுங்கள். எஸ்டி கார்டில் எழுத வேண்டாம். கரண்ட் போன நேரத்தில் அது கெட்டால் மாதம் போச்சு. ஒரு எஸ்எஸ்டியும் சின்ன யூபிஎஸ்ஸும் மாட்டுங்கள்.

நேரம்தான் எல்லாவற்றையும் கட்டும் நூல். சென்சார் கோப்பு, மைக்ரோஸ்கோப் படம், ஆபரேட்டர் எழுதிய முனை மாற்றம், தர ஆய்வு அளவு நான்கும் ஒரே கடிகாரத்தில் இருக்க வேண்டும். சின்னக் கணினி கரண்ட் போய் வந்ததும் பழைய நேரத்திலிருந்து தொடங்கிவிடும், இன்டர்நெட் இல்லாவிட்டால் அப்படியே ஓடும். டிஎஸ்3231 கடிகாரச் சில்லு ஒன்றைச் சேர்த்தால் நாளுக்கு 0.2 விநாடிக்குள் நிற்கும். ஆபரேட்டர் மேஜையில் ஒரு நோட்டும் வையுங்கள்: நேரம், முனை எண், கம்பி லாட், ஆஃப்செட் (அளவுத் திருத்தம்) எவ்வளவு கொடுத்தார், ஏன் நிறுத்தினார். ஆபரேட்டரின் பெயர் வேண்டாம், குறியெண் போதும். மைக்கோ கேமராவோ வைத்தால் அவர்களிடம் முன்கூட்டியே சொல்லுங்கள். டிஜிட்டல் தனிநபர் தரவுப் பாதுகாப்புச் சட்டம் 2023இல் வந்துவிட்டது என்பது ஒரு காரணம். ஒளித்து வைத்தது தெரிந்த பிறகு நோட்டில் யாரும் உண்மையை எழுத மாட்டார்கள் என்பது பெரிய காரணம்.

பர்கூர் அரசு பொறியியல் கல்லூரி, தருமபுரி அரசு பொறியியல் கல்லூரி போன்றவற்றின் இறுதியாண்டு மாணவர்கள் இந்த அளவெடுப்பை அழகாகச் செய்வார்கள். ஒரு நிபந்தனை மட்டும் உண்டு, அதைக் கீழே சொல்கிறோம்.

   

இரண்டு பக்கக் காகிதம்

மையத்துக்கு எடுத்துப்போவது இரண்டு பக்கம் போதும். என்ன பீஸ், என்ன உலோகம், என்ன இன்செர்ட், இப்போது எப்படி மாற்றுகிறீர்கள், மாதம் எத்தனை ரிஜெக்‌ஷன், அதன் ரூபாய் மதிப்பு, கையில் என்ன டேட்டா. கடைசியாக, எது நடந்தால் வெற்றி என்பதை எண்ணில் எழுதுங்கள்.

அந்த எண்ணில் ஏமாறாதீர்கள். "95 சதவீதத் துல்லியம்" என்று கேட்டால் நன்றாகத்தான் இருக்கும். ஒவ்வொரு பீஸுக்கும் மாடல் தீர்ப்புச் சொல்கிறது என்று வையுங்கள். நல்ல பீஸில் நூற்றுக்கு ஐந்து முறை தவறாக அலறினால், 200 பீஸ் ஓடும் ஒரு முனைக்குப் பத்து பொய் அலாரம். ஷிஃப்ட்டுக்குச் சுமார் 16. இரண்டாம் நாளே ஆபரேட்டர் பஸ்ஸர் ஒயரைப் பிடுங்கிவிடுவார், அவர் செய்வது சரியும்கூட. ஆகவே இப்படி எழுதுங்கள்: தேய்ந்த 20 முனையில் 18ஐயாவது 0.3 மி.மீ. எல்லைக்கு முன்பே பிடிக்க வேண்டும். பொய் அலாரம் ஷிஃப்ட்டுக்கு ஒன்றுக்கு மேல் கூடாது. சோதனைக்கு எடுக்கும் முனைகள் மாடல் இதுவரை பார்க்காத கம்பி லாட்டிலிருந்து வர வேண்டும். மூன்றாவது வரி மிக முக்கியம். ஒரே முனையின் பதிவுகளைக் கலைத்துப் போட்டுப் பாதியில் கற்பித்து, பாதியில் சோதித்தால் எந்த மாடலும் 99 வாங்கும். முனை முனையாகத்தான் பிரிக்க வேண்டும்.

கையெழுத்துக்கு முன்

ரகசியக் காப்பு ஒப்பந்தம் முதல் சந்திப்புக்கு முன்பே வேண்டும். நீங்கள் ஜாப் வொர்க் செய்பவராக இருந்தால் வரைபடம் உங்களுடையது அல்ல, வாடிக்கையாளருடையது. சிஎன்சி புரோகிராமைக் கொடுத்தாலே பீஸின் வடிவம் போய்விடும். டேட்டாவிலிருந்து புரோகிராமை எடுத்துவிட்டு, வெட்டு வேகம், ஊட்டம், ஆழம் மூன்றை மட்டும் கொடுங்கள். அதற்கே வாடிக்கையாளரின் எழுத்துபூர்வ சம்மதம் தேவையா என்று உங்கள் பழைய ஒப்பந்தத்தைப் படித்துப் பாருங்கள்.

முக்கிய ஒப்பந்தத்தில் சொத்தை மூன்றாகப் பிரித்து எழுத வேண்டும்: ஒவ்வொருவரும் ஏற்கெனவே கொண்டுவருவது, சேர்ந்து வேலை செய்யும்போது புதிதாக உருவாவது, டேட்டா. மூன்றாவதைப் பலரும் எழுதுவதே இல்லை. உங்கள் டேட்டாவில் கற்ற மாடலை நாளைக்கு அவர்கள் பக்கத்துப் பட்டறைக்குக் கொடுக்கலாமா என்பதற்கு இப்போதே பதில் எழுதுங்கள். கொடுக்கக் கூடாது என்று பிடிவாதம் பிடிப்பது எப்போதும் நல்லதல்ல. அந்த மையம் வாழ்வதே பல பேருக்குச் செய்து கற்றுக்கொண்டுதான். கற்ற முறையை அவர்கள் எடுத்துக்கொள்ளட்டும், உங்கள் மூல டேட்டாவும் அதில் பயிற்சி பெற்ற மாடல் கோப்பும் உங்களோடு நிற்கட்டும். இதுதான் இரு பக்கமும் தாங்கும் பிரிப்பு.

காப்புரிமையைக் கூட்டாக எடுத்தால், வேறு ஒப்பந்தம் இல்லாத நிலையில் காப்புரிமைச் சட்டத்தின் 50ஆம் பிரிவு பேசும்: இருவருக்கும் சமபங்கு, ஒவ்வொருவரும் மற்றவருக்குக் கணக்குக் காட்டாமல் தானே பயன்படுத்தலாம், ஆனால் வெளியாருக்கு உரிமம் தர மற்றவரின் சம்மதம் வேண்டும். மெஷின் தயாரிப்பாளர் ஒருவர் நாளைக்கு இதை வாங்க வந்தால் உங்கள் கை கட்டப்பட்டிருக்கும். சம்மதம் மறுக்க என்ன காரணம் செல்லும், எத்தனை நாளில் பதில் தர வேண்டும் என்று முன்பே எழுதுங்கள். கணினி நிரலும் கணக்கீட்டு முறையும் அவையாக மட்டும் காப்புரிமை பெறா, 3(கே) பிரிவு அதைத் தடுக்கிறது. சென்சார், மெஷின் கட்டுப்பாடு, முனையைத் தானே மாற்றும் செயல் எல்லாம் சேர்ந்த தொழில்நுட்ப அமைப்பாக எழுதினால்தான் வழி. முதலில் தற்காலிக விண்ணப்பம் போட்டு 12 மாதத்துக்குள் முழு விண்ணப்பம் தரலாம். சிறு நிறுவனத்துக்கு ஆன்லைன் விண்ணப்பக் கட்டணம் 1,600 ரூபாய், ஆய்வுக் கோரிக்கைக்கு 4,000. கூட்டாளியாகப் பெரிய கம்பெனி ஒன்று விண்ணப்பத்தில் சேர்ந்தால் இந்தச் சலுகை போய்விடும்.

மாணவர்களுக்கான நிபந்தனை இதுதான். விண்ணப்பம் போடுவதற்கு முன் புராஜெக்ட் ரிப்போர்ட், கண்காட்சிப் போஸ்டர், கல்லூரி கருத்தரங்குக் கட்டுரை எதுவும் வெளியே போகக் கூடாது. ஒரு போஸ்டர் போதும், புதுமை போய்விட்டது என்று நிராகரிக்க. மாணவரின் படிப்பையும் தடுக்கக் கூடாது. விண்ணப்பத்தை ஜனவரிக்குள் போட்டுவிடுங்கள், ரிப்போர்ட் ஏப்ரலில் சுதந்திரமாகப் போகட்டும்.

மென்பொருள் பதிப்புரிமையில் இன்னொரு சிக்கல். உரிமையை உங்களுக்கு மாற்றித் தருவதாக எழுதிவிட்டு, எத்தனை ஆண்டு என்று எழுதாவிட்டால் 5 ஆண்டு என்றும், எந்த இடத்துக்கு என்று எழுதாவிட்டால் இந்தியாவுக்குள் மட்டும் என்றும் பதிப்புரிமைச் சட்டத்தின் 19ஆம் பிரிவு எடுத்துக்கொள்ளும். ஓராண்டுக்குள் பயன்படுத்தாவிட்டால் மாற்றமே காலாவதியாகும், வேறாக எழுதியிருந்தால் தவிர. இந்த மூன்று வரிகளும் ஒப்பந்தத்தில் இருக்கின்றனவா என்று விரலை வைத்துத் தேடுங்கள்.

பணத்தைத் தவணையாக, காட்டிய வேலைக்கு எதிராகக் கொடுங்கள். மாதக் கணக்கில் வேண்டாம். ஜிஎஸ்டி சேர்ந்த தொகையா, மையத்தின் நிர்வாகச் செலவு எத்தனை சதவீதம் என்பதை முதல் கொட்டேஷனிலேயே கேளுங்கள். உங்கள் டேட்டாவில் மேஜை மேல் சோதனை, ஒரு மெஷினில் நிழல் ஓட்டம், பிறகு உண்மை ஓட்டம் என்று மூன்று கட்டம் போதும். ஒவ்வொரு கட்டத்திலும் நிறுத்திவிடும் உரிமை உங்களுக்கு இருக்கட்டும்.

நிழல் ஓட்டமும் கைமாற்றமும்

நிழல் ஓட்டம் என்றால் மாடல் சொல்வதைப் பதிவு மட்டும் செய்வது, மெஷினை நிறுத்தாதது. குறைந்தது ஒரு மாதம் ஓட வேண்டும், அதில் ஒரு புதிய கம்பி லாட்டும் ஒரு புதிய ஆபரேட்டரும் வர வேண்டும். மழைக்காலமும் கோடையும் மெஷின் சூட்டை மாற்றும். காலை முதல் மணி நேரத்தில் மெஷின் சூடேறாத நிலையில் பொய் அலாரம் குவிந்தால், அந்த நேரத்தை மாடல் தனியாகக் கணக்கெடுக்கிறதா என்று பாருங்கள். ஸ்பிண்டில் பேரிங் மாற்றினாலோ பீஸைப் பிடிக்கும் சக் ஜா மாற்றினாலோ அதிர்வின் அடித்தளமே மாறும். அன்று மறுபடி கற்பிக்க எத்தனை முனை டேட்டா வேண்டும் என்ற எண்ணை மையம் எழுதித் தர வேண்டும். பத்து முனைக்கு மேல் என்றால் அது பட்டறைக்கு ஆகாது.

கைமாற்றத்தில் மூல நிரல், மாடல் கோப்பு, பயிற்சிக்குப் பயன்பட்ட டேட்டாவின் பட்டியல், சென்சார் பார்ட் எண்களும் வயரிங் படமும், மறுபயிற்சிக்கான படிகள் எல்லாம் வர வேண்டும். வந்தனவா என்று காகிதத்தில் டிக் போட்டுத் திருப்தி அடையாதீர்கள். ஒரு காலிக் கணினியை, மெஷினை அமைத்துக் கொடுக்கும் உங்கள் செட்டரிடம் கொடுங்கள். மையத்து ஆட்கள் அறையில் உட்கார்ந்திருக்கலாம், ஆனால் வாய் திறக்கக் கூடாது. அவர்கள் எழுதித் தந்ததை மட்டும் படித்து அவர் நிறுவி, ஒரு முனையை முழுதாக ஓட்டி, அலாரம் சரியான பீஸில் வந்த பிறகு கடைசித் தவணைக்கான செக்கில் கையெழுத்துப் போடுங்கள்.